நிறுத்தம்

இரண்டு மணி நேரம், நாற்பது ஸ்வாட்டி,
ஓய்வூதியக்காரர்களுக்குப் பாதி.
ஆரஞ்சுக் குடை உயர்ந்தால்
அதற்குக் கீழே ஸெனோன்.

மழையில்லை. இருந்தும் குடை.
க்தான்ஸ்க் கடற்காற்றில் அது மல்லாந்துகொள்கிறது,
திட்டிக்கொண்டே கம்பிகளை மடக்கி
மறுபடி எங்களுக்குக் கொடியாக்குகிறார்.

ஒன்பது பேர் நாங்கள்.
லைப்சிக்கிலிருந்து ஒரு தம்பதி,
பில்பாவோ மாணவி ஒருத்தி,
வூட்ஜ் நூற்பாலையில் பஞ்சு தின்ற
அக்கா தங்கைகள் மூவர்,
எதையும் கேட்காத இருவர்,
காலைக் கடிக்கும் புதுச் செருப்போடு நான்.

"இரண்டாம் எண் வாயில் இதுதான்.
இந்தக் கம்பிகளில்தான் பூச்செருகினோம்.
ரொட்டியை நீட்டியவர்கள் அந்தப் பக்கம்.
நாங்கள் இந்தப் பக்கம்."

இருபத்தோரு கோரிக்கை எழுதிய
ஒட்டுப்பலகையின் அகலத்தைக்
கை விரித்துக் காட்டுகிறார்.
மூன்று சிலுவைகளின் அடியில் மட்டும்
குடையை மடக்குகிறார்.
எழுபதாம் ஆண்டு டிசம்பரில் சுடப்பட்டவர்கள்.
அங்கே பேச்சு இல்லை,
காற்று பேசிக்கொள்கிறது.

"தொழிலாளர் அரசு என்றார்கள்.
தொழிலாளி வாய் திறந்தால் மட்டும்
அரசுக்குக் காது அடைத்துவிடும்."
வூட்ஜ் சகோதரிகள் சிரிக்கிறார்கள்,
அந்தச் சிரிப்புக்கு ஏற்கெனவே
விலை கொடுத்துவிட்டவர்கள்போல.

அவர் பற்றவைத்த கூடத்தில்
இப்போது வெள்ளிதோறும் கச்சேரி,
பீர் பாதி விலை.

நாங்கள் பூட்டினோம், நாங்கள் பாடினோம்,
எங்களுக்குத் தூக்கமில்லை.
நாங்கள், நாங்கள்.
கேட்பவரை வெளியே நிறுத்திவிடும் சொல்.
குறை சொல்ல என்ன இருக்கிறது,
நாங்கள் வெளியாட்கள்தாமே.

மாணவிதான் கேட்டாள்,
குறிப்பேட்டில் ஒரு வரி காலியாக இருந்ததால்:
"மூன்றாம் நாள் இரவு எங்கே படுத்தீர்கள்?"

எத்தனை பருவம் சொன்ன விடை.
"நுரைப்பலகை" என்று தொடங்கியது நாக்கு.
நுரையோடு நின்றது.

"வீட்டில்" என்றார்.

பிறகு, குடையின் பிடியைப் பார்த்தபடி:
"சனிக்கிழமை. சம்பளத்தில்
ஆயிரத்தைந்நூறு கூட்டித் தருகிறோம் என்றார்கள்.
முடிந்தது என்றது ஒலிபெருக்கி.
ஆயிரக்கணக்கில் வெளியே நடந்தோம்.
மற்ற ஆலைகளை அம்போவென்று விட்டா போகிறீர்கள் என்று
பின்னால் சில பெண்கள் கத்தினார்கள்.
திரும்பினால் முகம் தெரிந்துவிடும்.
நான் திரும்பவில்லை.
இர்மினா பீட்ரூட் சூப் வைத்திருந்தாள்.
இரண்டு கிண்ணம் குடித்தேன்."

லைப்சிக்காரர் கடிகாரம் பார்த்தார்.
நேரம் முடிந்திருந்தது.

ஆனால் குடை சாலையைக் கடந்தது,
வரைபடத்தில் இல்லாத திசையில்.
நாங்களும் போனோம், ஏனென்று தெரியாமல்.

ஒரு டிராம் நிறுத்தம்.
கண்ணாடிக் கூரை, பல்பொடி விளம்பரம்.

"இங்கே நின்றேன்.
டிராம்காரர்களும் வேலைநிறுத்தம்,
வராது என்று தெரியும், நின்றேன்.
கைக்குழந்தையோடு ஒருத்தி வந்து கேட்டாள்,
முடிந்துவிட்டதா?
முடிந்துவிட்டது என்றேன்.
அவளும் வீட்டுக்குப் போயிருப்பாள்.
உள்ளே கொஞ்சம் பேர் வாயிலை மறுபடி பூட்டிக்கொண்டிருந்தார்கள்.

திங்கட்கிழமை நான் திரும்பினேன்.
எங்கே போனாய் என்று யாரும் கேட்கவில்லை.
கேட்டிருக்கலாம்."

மூத்த சகோதரி பையைத் துழாவி
ஒரு மிட்டாயை அவர் உள்ளங்கையில் வைத்தாள்.
அவர் அதைப் பிரிக்கவும் இல்லை,
பைக்குள் போடவும் இல்லை.

ஆறாம் எண் டிராம் வந்தது.
கதவுகள் திறந்தன.
பத்துப் பேர் நின்றோம், யாரும் ஏறவில்லை.
ஓட்டுநர் ஒருமுறை மணியடித்துப் பார்த்தார்.